வேண்டும் என்ற ஒரு சொல்

கடற்கரை மணலிலே ஒரு கூட்டம். நடுவிலே வெளிநாட்டுத் துறவி ஒருவர். கையிலே சிறு மணி. அவர் ஒரு தொடரைச் சொல்கிறார். சுற்றி நிற்கும் சிறுவரும் சிறுமியரும் அதனை அப்படியே திருப்பிச் சொல்கின்றனர். துறவியின் நெஞ்சிலே இருந்தது, ‘நம்புகிறேன்’ என்பது. அவர் நாவிலே வந்ததும், அந்தப் பிள்ளைகளின் நாவிலே ஒலித்ததும், ‘எனக்கு வேணும்’ என்பது!

கட்டுக்கதை அல்ல, தோழர்களே! நம் முத்துக்குளித்துறையிலே, தூத்துக்குடி, புன்னைக்காயல், மணப்பாடு என நாம் நாளும் நடமாடும் ஊர்களிலே, 1542ஆம் ஆண்டுக்கும் 1544ஆம் ஆண்டுக்கும் இடையே நடந்தது. சொல்லிக்கொடுத்தவர் பிரான்சிசு சவேரியார். பிழையைக் கண்டு திருத்தியவரும் அவரே. 1544இல் தம் உடன்பணியாளர் மான்சிலாசுக்கு எழுதிய மடல் ஒன்றிலே, நம்பிக்கை அறிக்கையில் வரும் ‘வேணும்’ என்ற சொல்லை விட்டுவிடும்படியும், அதன் இடத்தில் ‘விசுவாசம்’ என்று சொல்லும்படியும் அறிவுறுத்துகிறார். முன்னது விருப்பத்தைக் குறிப்பது, பின்னதே நம்பிக்கையைக் குறிப்பது என்று காரணமும் காட்டுகிறார். அதே மடலில் இன்னொரு திருத்தமும் உண்டு. ஏசு பட்ட பாட்டைச் சொல்லுமிடத்தில், வலுக்கட்டாயத்தால் பட்டார் என்று பொருள்படும் சொல் புகுந்துவிட்டது; அவர் தம் விருப்பத்தால் பட்டார், வன்பினால் அல்ல, ஆகவே அச்சொல்லையும் நீக்குக என்கிறார்.

ஒரு திருத்தம் விருப்பத்தையும் நம்பிக்கையையும் பிரிக்கிறது. மற்றொன்று விருப்பத்தையும் வன்பையும் பிரிக்கிறது. விருப்பம், நம்பிக்கை, வன்பு! இந்த மூன்றும் ஒன்றோடொன்று குழம்பிப் போனதனால் விளைந்த கேடுகள்தாம் எத்தனை! மதத்திலே அந்தக் குழப்பம். மணவறையிலே அந்தக் குழப்பம். பள்ளிக்கூடத்திலே அந்தக் குழப்பம். ஆகவே, சின்னஞ்சிறு சொற்பிழைதானே என்று சிரித்துவிட்டுப் போய்விடாமல், அந்தச் சொல்லின் பின்னால் சற்றே நடந்து பார்ப்போம், வாருங்கள்.

எனக்கு என்னும் வாயில்

சவேரியாரைப் போர்த்துகீசியர் என்றே நம்மில் பலர் எண்ணுகின்றனர். அவரை அனுப்பிவைத்தது போர்த்துகல் அரசு. அவர் பிறந்ததோ பிரனீசு மலைச்சாரலிலுள்ள நவார் நாடு. தாய்மொழி பாசுக்கு. இம்மக்களின் தாய்மொழி மலபார், தம் தாய்மொழியோ பாசுக்கு, ஆதலால் ஒருவர் பேச்சு ஒருவருக்கு விளங்கவில்லை என்று 1544 சனவரியில் அவரே எழுதியிருக்கிறார். அந்நாளில் ஐரோப்பியர் தமிழைத்தான் மலபார் என்று அழைத்தனர். இரு மொழியும் ஓரளவு தெரிந்த உள்ளூரார் சிலரைக் கூட்டி, பல நாள் உடனிருந்து பெரும்பாடுபட்டு, மன்றாட்டுகளைத் தமிழாக்கினார். பொருள் முழுதும் புரியாமலே மனப்பாடம் செய்தார். தெருத்தெருவாக மணியடித்துப் பிள்ளைகளைத் திரட்டினார்.

எங்கே வழுக்கிற்று? ஐரோப்பிய மொழிகள் பலவற்றிலே ‘நான்’ எப்போதும் முன்னே வந்து நிற்கும். நான் நடக்கிறேன், நான் விரும்புகிறேன், நான் நம்புகிறேன், நான் வெறுக்கிறேன் என எல்லாவற்றுக்கும் ஒரே அச்சு. தமிழன் பேச்சு அப்படிப்பட்டதன்று. நடக்கும்போது ‘நான் நடக்கிறேன்’ என்கிறான்; பசிக்கும்போது ‘எனக்குப் பசிக்கிறது’ என்கிறான். எனக்கு வேண்டும், எனக்குத் தெரியும், எனக்கு வலிக்கிறது, எனக்குப் பிடிக்கும். செய்வதற்கு ‘நான்’, வந்து சேர்வதற்கு ‘எனக்கு’. விருப்பும் வெறுப்பும் நாம் செய்கிற வேலைகள் அல்ல, நம்மிடம் வந்து சேர்பவை என்பது இந்த வழக்கின் உட்பொருள்.

பிடிக்கும் என்ற சொல்லையே பாருங்கள். பிடித்தல் என்றால் பற்றுதல். ‘எனக்கு மீன்குழம்பு பிடிக்கும்’ என்று சொல்லும்போது எதை எது பற்றுகிறது? நான் குழம்பைப் பற்றவில்லை. குழம்பு என்னைப் பற்றிக்கொள்கிறது! வெறுப்புக்கும் அப்படியே. பிடிக்காது, வேண்டாம், ஒவ்வாது, ‘அவனுக்கும் எனக்கும் ஆகாது’. உவத்தல் என்றால் மகிழ்தல்; ஓர் எழுத்துக் கூடி உவர்த்தல் ஆகிவிட்டாலோ, உப்புக் கரித்தல் என்றும் அருவருத்தல் என்றும் பொருள். தூத்துக்குடி உப்பளத்திலே பகலெல்லாம் பாத்தியில் நின்று காலும் கண்ணும் எரிய வீடு திரும்பும் உழைப்பாளிக்கு, உப்புக்கும் வெறுப்புக்கும் உள்ள உறவை எந்த அகராதியும் சொல்லித்தர வேண்டியதில்லை.

பழைய இலக்கணமும் இந்த உணர்ச்சிகளைப் புறத்தே தள்ளவில்லை. தொல்காப்பியம் எண்ணும் மெய்ப்பாடுகள் எட்டனுள் உவகையும் உண்டு, இளிவரலும் உண்டு. நன்னூலோ இன்னும் ஒரு படி மேலே செல்கிறது. உவப்பு மிகுந்தாலும் வெறுப்பு மிகுந்தாலும் திணை பிறழ்ந்து பேசலாம். அது பிழையாகாது என்கிறது. பசுவைப் பார்த்து ‘என் அம்மா வந்தாள்’ என்று ஒருவன் சொன்னால், அஃறிணையை உயர்திணையாக்கிவிட்டான் என்று பவணந்தியார் பிரம்பைத் தூக்கமாட்டார். அன்பால் சொன்னான் என்று விட்டுவிடுவார்!

பனிக்கடல் கரையிலும் இதே பேச்சு

இது தமிழுக்கு மட்டுமே வாய்த்த பெருமை என்று மார்தட்ட எழுந்துவிடாதீர்கள். பகுத்தறிவாளர்க்கு மார்தட்டுவதைவிட ஒப்பிட்டுப் பார்ப்பது நன்று. இலத்தீனிலும் இசுபானியத்திலும் இந்த வழக்கின் சாயல் உண்டு. ஆனால், அச்செடுத்தாற்போல் இதனைக் காண வேண்டுமானால் ஐரோப்பாவின் வடமேற்கு ஓரத்திற்கு, கேலிக் மொழி வழங்கும் ஸ்காட்லாந்து மேட்டுநிலத்திற்கும் தீவுகளுக்கும் போக வேண்டும்.

கேலிக் பேசுபவர் ‘நான் விரும்புகிறேன்’ என்று சொல்வதில்லை. ‘ஸ்தொல் லெம்’ என்பார். சொல்லுக்குச் சொல் பிரித்தால், ‘விருப்பம் என்னோடு’ என்பது பொருள். பிடிக்காதென்றால் ‘ஃகா தொல் லெம்’. ஒன்றைவிட மற்றொன்று பிடிக்கும் என்பதற்கு, ‘அது மேல் என்னோடு’ என்பார். ஒருவரைக் கண்டால் ஆகாது என்பதற்கு ‘சிறிது என்மேல்’ என்றொரு வழக்கு உண்டு. என் கண்ணுக்கு அவர் சிறுத்துப்போனார் என்று கொள்ளலாம். பசித்தால் ‘பசி என்மேல் இருக்கிறது’. நூல் ஒன்றை உடைமையாக வைத்திருந்தால் ‘நூல் என்னிடம் இருக்கிறது’. காதலைச் சொல்லும்போதோ, ‘காதல் என்னிடம் உன்மேல் இருக்கிறது’. இதை அப்படியே தமிழாக்கினால் நம் தெருப்பேச்சே வந்துவிடுகிறதன்றோ? ‘எனக்கு உன்மேல் ஆசை’ என்று சொல்லாத தமிழ்க்காதலன் யார்?

இன்னும் கேளுங்கள். ஆம், இல்லை என்று தனியே நிற்கும் விடைச்சொற்கள் கேலிக்கில் இல்லை. ‘பிடிக்குமா?’ என்று கேட்டால், ‘பிடிக்கும்’, ‘பிடிக்காது’ என்று கேள்வியின் சொல்லையே திருப்பி விடை சொல்ல வேண்டும். நமக்கு ஆம் உண்டு, இல்லை உண்டு, ஆயினும் ‘வேண்டுமா?’ என்றால் ‘வேண்டும்’, ‘வேண்டாம்’ என்பதுதானே நம் வாய்க்கு வருவது? மரியாதையிலும் ஒற்றுமை இருக்கிறது. நமக்கு நீ, நீங்கள் போல அவர்களுக்கும் ஒருமைச் சொல்லும் பன்மைச் சொல்லும் தனித்தனி, பெரியவரிடம் பன்மை. ஒன்றைத் தயவாகக் கேட்கும்போது, ‘உங்கள் விருப்பம் அதுவானால்’ என்று சொல்லிக் கேட்பார்கள். பக்கத்திலுள்ள அயர்லாந்தின் ஐரிசு மொழியிலும் ‘நல்லது என்னோடு’ என்றால் பிடிக்கும், ‘வெறுப்பு என்னோடு’ என்றால் வெறுக்கிறேன்.

அப்படியானால் கேலிக்கும் தமிழும் உறவா? இல்லை. கேலிக் இந்தோ-ஐரோப்பியக் குடும்பத்தின் கிளை. தமிழ் திராவிட மொழி. திராவிட மொழிகள் வடமொழியின் வழி வந்தவை அல்ல, தனிக் குடும்பம் என்பதை 1856இல் ஒப்பிலக்கணம் எழுதி விரித்துரைத்தவர் கால்டுவெல். அவர் 1814இல் பிறந்தது அயர்லாந்தின் ஆன்ட்ரிம் பகுதி. வளர்ந்தது ஸ்காட்லாந்தின் கிளாசுகோ. வாழ்ந்து ஆய்ந்தது நம் இடையன்குடி. அகழ்ந்து பார்த்தது நம் கொற்கை. கேலிக் ஒலித்த கரையிலிருந்து புறப்பட்ட ஒரு மனிதர் முத்துக்கரையில் வந்து தமிழின் தனித்தன்மையை எழுதினார் என்பது வரலாற்றின் இனிய விளையாட்டு. உறவில்லாத இரு மொழிகள் விருப்பு வெறுப்பைச் சொல்லும்போது ஒரே வழியில் நடப்பதற்குக் குருதி உறவு தேவையில்லை. மனித மனம் எங்கும் மனித மனமே என்பது போதும்.

பிழையிலே ஒளிந்திருந்த உண்மை

மீண்டும் மணற்கரைக்கு வருவோம். ‘எனக்கு வேணும்’ என்று அந்த மக்கள் சொன்னது பிழை என்கிறோம். மொழிபெயர்ப்பின்படி பிழைதான். வரலாற்றின்படி?

சவேரியார் வருவதற்குச் சில ஆண்டுகள் முன்பு, 1530களிலே, முத்துக்குளிக்கும் உரிமை பற்றிப் பரதவர்க்கும் முஸ்லிம் வணிகர்க்கும் இடையே கடும்பூசல் மூண்டது. உயிர்ச்சேதமும் உண்டு. பரதவர்தம் பட்டங்கட்டிகள், கொச்சியிலிருந்த போர்த்துகீசியரிடம் காவல் வேண்டினர். போர்த்துகீசியர் கப்பற்படை தந்தனர். கூடவே ஞானநீரும் தந்தனர். 1536, 1537ஆம் ஆண்டுகளிலே பெருந்திரளாக மக்கள் மதம் மாறினர்; ஏறத்தாழ இருபதாயிரம் பேர் என்பது அக்காலக் கணக்கு. மன்றாட்டு ஒன்றுகூட விளங்காத நிலையிலே மாறினர். பிறகுதான் சவேரியார் வந்தார், கற்பிக்க.

ஆகவே, அந்த மக்கள் நாள்தோறும் உரக்கச் சொன்ன ‘எனக்கு வேணும்’ என்பதிலே உண்மை இல்லையா? காவல் வேணும். கடல் வேணும். கொள்ளையரின்றிக் கண்ணயரும் ஓர் இரவு வேணும். இறங்கிய குளியாள் உயிரோடு கரையேற வேணும். மறுபுறத்திலே போர்த்துகல் மன்னனுக்கும் வேணும்: முத்து வேணும், வரி வேணும், துறைமுகம் வேணும். இரு தரப்பும் வேண்டியது வேண்டலையே! சமயத்தின் மொழியில் அதற்கு நம்பிக்கை என்று பெயர் வைத்தார்கள். வேண்டியது கிடைத்ததா? 1544லேயே வடுகர் குதிரைப்படை கரையைச் சூறையாட, மக்கள் கடற்பாறைகளுக்குத் தப்பியோடிப் பசியிலும் தாகத்திலும் வாடினர். அவர்களுக்கு உணவு கொண்டுசெல்லச் சவேரியார் தோணிகளோடு புறப்பட்டார். காக்க வந்த போர்த்துகீசியத் தலைவனின் கொடுமையையும் அவர் மடல்களே கண்டிக்கின்றன. மக்கள்பால் அவர் கொண்ட இரக்கத்தை நாம் மறுக்கவில்லை. அவர் கொண்டுவந்த பேரரசின் நிழலையும் மறைக்கவில்லை.

இன்னொரு வியப்பு. நம்பு என்ற சொல்லுக்குத் தொல்காப்பியத்தின் உரியியல் தரும் பொருள் என்ன, தெரியுமா? நசை! அதாவது விருப்பம். பழந்தமிழில் நம்புதல் என்றாலே விரும்புதல்தான். ஆங்கிலத்தில் நம்பிக்கையைக் குறிக்கும் சொல்லும் அன்பைக் குறித்த பழஞ்சொல் ஒன்றின் உறவே என்பர் சொல்லாய்வாளர். விரும்பியதே மெல்ல மெல்ல நம்பப்படுவதாயிற்று. இதைவிடச் சிறந்த பகுத்தறிவுப் பாடம் வேறென்ன வேண்டும்? ஒன்றை நாம் நம்பும்போதெல்லாம், இது உண்மை என்பதனால் நம்புகிறோமா, உண்மையாக இருந்தால் நன்றாயிருக்குமே என்ற ஆசையால் நம்புகிறோமா என்று நம்மை நாமே கேட்டுக்கொள்ள வேண்டும். கேள்வி பிறர் நம்பிக்கைக்கு மட்டும் அன்று, தோழர்களே! நம் மேடைகளுக்கும், நம் தலைவர்களைப் பற்றி நாம் நம்புவனவற்றுக்கும் அதே கேள்விதான்.

காதால் படித்தவர்

சவேரியார் மனப்பாடம் செய்தார். அடுத்து வந்தவர் மொழியையே கற்றார். 1520இல் போர்த்துகலின் வில விசோசாவில் பிறந்த அன்றிக்கு அன்றிக்கசு 1546இல் இந்தியா வந்தார். மறு ஆண்டு முத்துக்கரை சேர்ந்தார். 1600இல் மறையும் வரை ஏறத்தாழ அரை நூற்றாண்டு இக்கரையே அவர் வீடு. புன்னைக்காயலில் மீனவர் பேச்சைக் காதால் கேட்டுக் கேட்டு, 1549 வாக்கிலே தமிழுக்கு ஓர் இலக்கணம் எழுதினார். ஐரோப்பியர் ஒருவர் எழுதிய முதல் தமிழ் இலக்கணம் அதுவே. அது புலவர் தமிழின் இலக்கணமன்று. முத்துக்கரையின் பேச்சுத்தமிழின் இலக்கணம். கையெழுத்துப்படி லிசுபன் நூலகத்தில் நெடுங்காலம் கிடந்து, 1982இல்தான் அச்சேறியது. 2013இல் ஆங்கில மொழிபெயர்ப்பும் வெளிவந்தது.

1554இல் லிசுபனிலே உரோம எழுத்தில் தமிழ் அச்சாயிற்று. 1578இல் கொல்லத்திலே தமிழ் எழுத்திலேயே ‘தம்பிரான் வணக்கம்’ அச்சாயிற்று. பதினாறே பக்கங்கள். இந்திய மொழி ஒன்றின் எழுத்தில் இந்நாட்டில் அச்சான முதல் நூல் அது. செலவுக்குப் பணம் தந்தவர் யார்? மன்னரா? மடாதிபதிகளா? இல்லை, இந்தக் கரையின் பரதவ மக்கள்! தமிழன்னையின் அச்சுக்கோலத்துக்கு முதற்காசு போட்டவர் கடலோடிகள் என்பதை எத்தனை பாடநூல்கள் உரக்கச் சொல்கின்றன?

அன்றிக்கசிடமிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்று. பிறர்க்குச் சொல்ல வந்தவர், முதலில் பிறர் சொல்வதைக் கேட்டார். ஒரு மக்கள் எதை வேண்டும் என்கிறார்கள், எதை வேண்டாம் என்கிறார்கள் என்பதை அவர்கள் வாய்மொழியிலேயே கேட்கத் தெரியாதவன், அவர்களுக்குச் சீர்திருத்தம் சொல்லவும் தகுதியற்றவன். நமக்கும் சேர்த்தே சொல்கிறோம்.

வேண்டாம் என்று சொல்ல யாருக்கு உரிமை?

இலக்கணம் எல்லார்க்கும் ‘எனக்கு’ என்ற வேற்றுமையைத் தந்தது. சமுதாயம் தந்ததா?

கிறித்து பிறந்து முதல் நூற்றாண்டில் எழுந்த பெரிபுளுசு என்னும் கிரேக்கக் கடல்நூல், பாண்டியர் கொற்கையிலே முத்துக்குளித்தவர்கள் தண்டனை பெற்ற குற்றவாளிகள் என்று குறிக்கிறது. உலக அரசியர் கழுத்திலே ஒளிர்ந்த முத்து, ‘மாட்டேன்’ என்று சொல்ல வாயற்றவர்கள் மூச்சடக்கி எடுத்த முத்து! எல்லார்க்கும் பிடித்த பொருளை, பிடிக்காத வேலையைச் செய்தவர்கள் எடுத்தார்கள்.

பின்னாளிலே குளியாள் கூலியாளன்; கைதியல்லன். ஆயினும், அஞ்சுகிறேன் என்று சொல்ல முடிந்ததா? இக்கரையிலே ‘கடல்கட்டி’ என்றொருவன் இருந்தான். மந்திரம் ஓதிச் சுறாவின் வாயைக் கட்டுபவன். பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் வந்த மார்க்கோபோலோ, அவனுக்கு முத்தில் இருபதில் ஒரு பங்கு கூலி என்று எழுதினார். ஆங்கில ஆட்சியிலும் அவனுக்குக் கூலி உண்டு. ஏனெனில் அவனில்லாமல் குளியாட்கள் இறங்க மறுத்தனர். மந்திரத்தால் சுறா மயங்காது, அது வெளிப்படை. ஆனால் நமக்கு இதில் வேறொன்றும் தோன்றுகிறது. ‘எனக்கு அச்சமாயிருக்கிறது, இன்று இறங்கமாட்டேன்’ என்று சொல்ல உரிமை இல்லாதவன், ‘கடல்கட்டி வரவில்லை, இறங்கமாட்டேன்’ என்றான். வாய் திறந்து சொல்ல முடியாத மறுப்பு, மந்திரத்தின் முதுகில் ஏறி வெளிவந்தது. மூடநம்பிக்கையை ஒழிக்கக் கிளம்புவோர் இதை நினைவில் வைக்க வேண்டும். அஞ்சுகிறவன் அஞ்சுகிறேன் என்று சொல்லும் உரிமையைப் பெறாத வரையில், ஒரு மந்திரவாதி போனால் மற்றொருவன் வருவான்.

கடலுக்கடியிலே பேச்சில்லை. குளியாள் கயிற்றை அசைத்தால் மேலே இழுக்க வேண்டும். அந்த அசைவே அவன் ‘போதும்’. கயிற்றை மைத்துனன் கையில் கொடுப்பார்களாம். உடன்பிறந்தாளை விதவையாக்க எவனும் துணியான் என்பது கணக்கு. ‘போதும்’ என்ற சொல் கேட்கப்படும் என்ற உறுதிதான் அந்தக் கயிறு. 1961க்குப் பிறகு தூத்துக்குடியில் முத்துக்குளிப்பு நடைபெறவில்லை. ஆனால் அந்தக் கயிறு எல்லாத் தொழிலிலும் வேண்டும்.

கயிற்றை ஒரு நகரமே சேர்ந்து அசைத்ததும் உண்டு. 1906இல் வ.உ.சிதம்பரனார் சுதேசிக் கப்பல் கழகம் கண்டார். வெள்ளையர் கழகம் கட்டணத்தைக் குறைத்தது. இலவசமாக ஏற்றிச் சென்று குடையும் தருவதாக ஆசை காட்டியதாகக் கூறுவர். தூத்துக்குடி, ‘வேண்டாம்’ என்றது! 1908 பிப்பிரவரி 27ஆம் நாள் கோரல் ஆலைத் தொழிலாளர் வேலையை நிறுத்தினர். கூலி உயர்வும் ஞாயிறு விடுமுறையும் பெற்றனர். வ.உ.சி.யை எதிர்த்தவர்களுக்கு முகம் மழிக்கமாட்டோம் என்று சவரத் தொழிலாளர் மறுத்தனர். எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் பலர். ஆனால் விருப்பு வெறுப்பின் இலக்கணத்தை அன்று வெள்ளை ஆட்சிக்கே பாடம் நடத்தினார்கள்.

பெண்ணைக் கேட்டார்களா?

வெளியே இவ்வளவு வீரம். வீட்டுக்குள்ளே? பெண் பார்க்கும் சடங்கை நினைத்துப் பாருங்கள். தட்டிலே பலகாரம், தலைகுனிந்து ஒரு பெண். எல்லாரும் பிள்ளையைக் கேட்கிறார்கள், ‘பெண்ணைப் பிடித்திருக்கிறதா?’ என்று. பெண்ணை? மௌனம் சம்மதத்துக்கு அறிகுறி என்று ஒரு பழமொழியைச் செய்து அவள் வாயைக் கட்டிவிட்டோம். சுறாவின் வாயைக் கட்டுவதாகச் சொன்ன மந்திரவாதிகூடச் செய்ய முடியாத வேலை! விருப்பம் வேறு, வன்பு வேறு என்று காட்டினார் அந்தத் துறவி, ஒரு சொல்லைத் திருத்தியபோது. நம் வீடுகளில் அந்தத் திருத்தம் இன்னும் பாக்கி.

பட்டம் பெற்ற நண்பர் ஒருவர் அண்மையிலே தம் தங்கையின் திருமணத்தைப் பற்றிப் பெருமையாகப் பேசினார். வரதட்சணை இல்லை, சடங்கு இல்லை, நல்ல நேரம் பார்க்கவில்லை என்று அடுக்கினார். ‘தங்கையைக் கேட்டீர்களா?’ என்றோம். நெடுநேரம் விடை வரவில்லை. சடங்கை நீக்கிவிட்டு வன்பை வைத்துக்கொண்டால் அது சீர்திருத்தம் ஆகுமா?

ஒரு மொழி மெலிந்த கதை

இறுதியாக மறுபடியும் பனிக்கடல் கரை. ‘விருப்பம் என்னோடு’ என்று அழகாகச் சொல்லும் அந்த மொழி இன்று எந்நிலையில் உள்ளது? 1609இல் மேட்டுநிலத் தலைவர்கள் தம் மூத்த பிள்ளைகளை ஆங்கிலம் கற்கத் தாழ்நிலப் பள்ளிகளுக்கு அனுப்ப வேண்டும் என்று விதித்தனர். 1616இல் அம்மொழியை ஒழிப்பதே நோக்கமெனப் பள்ளிச் சட்டம் சொல்லிற்று. 1872இன் கல்விச் சட்டம் அம்மொழியின் பெயரைக்கூடக் குறிப்பிடவில்லை. கேலிக் பேசிய பிள்ளையின் கழுத்தில் கோலொன்றைத் தொங்கவிட்டு அவமானப்படுத்திய நினைவுகள் அத்தீவுகளில் பதிவாகியுள்ளன. 1891 கணக்கெடுப்பில் ஸ்காட்லாந்தில் கேலிக் பேசியோர் இரண்டரை இலட்சத்துக்கும் மேல். 2011இல் ஏறத்தாழ 57 ஆயிரம். இப்போது விழித்திருக்கின்றனர். 2005இல் மொழிச்சட்டம்; 2025இல் இயற்றிய மற்றொரு சட்டத்தால் அலுவல் தகுதி; கேலிக் வழிப் பள்ளிகள். நல்லதுதான். ஆனால் சட்டத்தால் மொழிக்கு நாற்காலி கொடுக்கலாம். ஒரு குழந்தையின் நாவிலே ‘எனக்குப் பிடிக்கும்’ என்று அது தானாக எழ வேண்டுமே!

நாம் பார்த்த ஒரு பள்ளியிலே, பெயர் இங்கு வேண்டாம், விளையாட்டு வேளையில் தமிழில் பேசியதற்காக ஒரு சிறுவனிடம் தண்டம் வாங்கினர். அவன் பேசியது என்ன? ‘எனக்கு இந்த ஆட்டம் பிடிக்கல’ என்பதே. அச்சிறுவனுக்கு அன்று புகட்டப்பட்ட பாடம் ஆங்கிலமா? இல்லை. தன் வெறுப்பைத் தன் மொழியில் சொன்னால் காசு போகும் என்பதுதான். கழுத்திலே தொங்கிய கோலுக்கும் கையிலிருந்து போன காசுக்கும் வேறுபாடு என்ன? ஆங்கிலம் கற்கட்டும், நன்றாகக் கற்கட்டும், உலகம் பெரிது. கால்டுவெல் தம் மொழியை இழந்தா தமிழ் கற்றார்? அன்றிக்கசு போர்த்துகீசியத்தை மறந்தா புன்னைக்காயல் பேச்சை எழுதினார்? ஒன்றைக் கற்க மற்றொன்றுக்குத் தண்டம் எதற்கு?

நம் வகுப்பில் நாம் செய்வது சிறு செயல். ஆண்டின் முதல் நாள், பிள்ளைகளிடம் இரண்டு வரி எழுதச் சொல்கிறோம்: எனக்குப் பிடித்தது, எனக்குப் பிடிக்காதது. முதல் வரி எல்லாருக்கும் எளிது. இரண்டாவது வரியிலே பேனாக்கள் நிற்கும். பெண்பிள்ளைகளின் பேனாக்கள் இன்னும் நெடுநேரம் நிற்கும். சென்ற ஆண்டு மீனவர் குடியிருப்பிலிருந்து வரும் ஒரு சிறுமி, முதல் வரியை வெறுமையாக விட்டுவிட்டு, இரண்டாவது வரியில் ஒரே தொடர் எழுதினாள்: ‘கேட்காமல் முடிவு செய்வது.’

நானூற்று எண்பது ஆண்டுகளுக்கு முன் அதே கரையில் நின்ற சிறுமியர், பிறர் சொல்லிக்கொடுத்த ‘வேணும்’ என்பதைத் திருப்பிச் சொன்னார்கள். இவள் எழுதியதோ இவளே தேடிக்கண்ட சொல். இந்த இரண்டுக்கும் நடுவே இருப்பதுதான் நாம் செய்ய வேண்டிய வேலை, தோழர்களே. இன்றிரவு வீட்டுக்குப் போனதும் தங்கையைக் கேளுங்கள், மனைவியைக் கேளுங்கள், உங்களிடம் வேலை செய்பவரைக் கேளுங்கள்: உனக்குப் பிடித்திருக்கிறதா? விடை வரும்வரை காத்திருங்கள். ‘இல்லை’ என்று வந்தால், கயிற்றை இழுங்கள்.